மாயத் தீவு நாடு ஒன்றைக் கட்டுவது எப்படி

கதை எழுதவோ நண்பர்களோடு விளையாடவோ ஒரு மாயத் தீவு வேண்டும் என்று உட்கார்ந்தால் கை தானாக வரைபடத்துக்குத்தான் போகும். நெளிந்த கரை, நடுவில் புகையும் மலை, ஓரத்தில் மந்திரவாதியின் கோபுரம், வடக்கே யாரும் போகாத காடு. பார்க்க நன்றாகவே இருக்கும். ஆனால் அந்தக் கோபுரத்தில் இருக்கிறவருக்குக் குடிதண்ணீர் எங்கிருந்து வருகிறது, விளக்குக்கு எண்ணெய் யார் கொண்டுவருகிறார்கள் என்று கேட்டால் பதில் இருக்காது. பதில் இல்லாத தீவில் மூன்று அத்தியாயத்துக்கு மேல் கதை ஓடாது. ஓடினாலும் ஒவ்வொரு சிக்கலுக்கும் புதிதாக ஒரு மந்திரத்தைக் கண்டுபிடித்துக்கொண்டே இருக்க வேண்டியிருக்கும்.

வரைபடத்தைக் கடைசிக்குத் தள்ளிவையுங்கள். தீவு என்றாலே ஏதோ ஒன்று போதாத இடம். தண்ணீரோ, மரமோ, இரும்போ, கல்யாணத்துக்கு வெளியூர் மாப்பிள்ளையோ, ஏதாவது ஒன்று குறையும். அந்தக் குறையை மந்திரம் ஒரேயடியாகத் தீர்த்துவைத்துவிட்டால் நாடும் முடிந்தது, கதையும் முடிந்தது. மந்திரம் குறையை இடம் மாற்ற வேண்டும், அவ்வளவுதான். கிழக்கே இருக்கிறவனுக்குக் கிடைத்தால் மேற்கே இருக்கிறவன் கையை விட்டுப் போக வேண்டும். இந்த ஒன்றைப் பிடித்துக்கொண்டால் அரசியல், சட்டம், சாப்பாடு, வசைச்சொல் வரை எல்லாம் அதன் பின்னாலேயே வந்துவிடும்.

சும்மா சொல்லிக்கொண்டே போனால் கையில் ஒன்றும் நிற்காது. அதனால் போகிற போக்கில் ஒரு தீவையும் கட்டிவிடுவோம். பெயர் கொண்டல் தீவு.

தண்ணீரிலிருந்து தொடங்குங்கள்

சின்னத் தீவில் மழைநீர் மணலுக்குள் இறங்கி, கீழே இருக்கும் கனமான கடல்நீரின் மேல் மிதந்துகொண்டு நிற்கும். கடல் மட்டத்துக்கு மேலே 1 மீட்டர் நன்னீர் நின்றால் அதற்குக் கீழே ஏறக்குறைய 40 மீட்டர் ஆழம் வரை நன்னீர் இருக்கும் என்பது பொதுவான கணக்கு. கணக்கைத் திருப்பிப் பாருங்கள்: இறைத்து இறைத்து மட்டத்தை ஒரு மீட்டர் இறக்கினால் அடியிலிருந்து உப்பு 40 மீட்டர் மேலே ஏறும். ஒரு பேராசைக்காரன் தன் தோட்டத்துக்கு அளவில்லாமல் இறைத்தால் பக்கத்துத் தெருவே உப்புத் தண்ணீர் குடிக்க வேண்டியதுதான். இதில் மந்திரமே இல்லை, அதற்குள் ஒரு கொலைக்கான காரணம் வந்துவிட்டது பாருங்கள். யாழ்ப்பாணத்தில் நிலாவரைக் கிணறு என்று ஒன்று இருக்கிறது. மேலே நன்னீர், ஆழத்தில் உப்புநீர், அடியே இல்லை என்று ஊரில் பேச்சு. சுண்ணாம்புக் கல் பூமியின் வேலைதான் அது, ஆனாலும் அந்தக் கிணற்றைச் சுற்றிப் புராணக் கதை வந்து ஒட்டிக்கொண்டது. உங்கள் தீவிலும் இயற்கை செய்கிற வேலை எது, மந்திரம் செய்கிற வேலை எது என்பதில் மக்களுக்கே கொஞ்சம் குழப்பம் இருக்கட்டும்.

அடுத்து, தீவு எதனால் ஆனது? பவளத் தீவு என்றால் தட்டையாக இருக்கும், களிமண் கிடையாது, உலோகம் கிடையாது, வெட்டி எடுக்க நல்ல கருங்கல்கூடக் கிடையாது. பசிபிக் கடலில் இருக்கும் மார்ஷல் தீவுக்காரர்கள் பெரிய கிளிஞ்சல் ஓட்டைத் தீட்டித்தான் மரம் செதுக்கும் கருவி செய்தார்கள். அப்படிப்பட்ட இடத்தில் உங்கள் கதாநாயகன் இரும்பு வாளை உருவினால், அந்த இரும்பு எந்தக் கப்பலில் வந்தது, அதற்கு அவன் குடும்பம் எதை விற்றது என்பது உங்களுக்காவது தெரிந்திருக்க வேண்டும். எரிமலைத் தீவு என்றால் மண் கொழுப்பாக இருக்கும், மலை மேகத்தைத் தடுத்து மழை வாங்கித் தரும், ஆனால் மலைக்கு எப்போது கோபம் வரும் என்று சொல்ல முடியாது. ஐஸ்லாந்தில் 1783-ல் லாக்கி பிளவு வெடித்து எட்டு மாதம் கக்கியது. நச்சுப் படிந்த புல்லைத் தின்று ஆடுமாடுகள் செத்தன, பின்னாலேயே பஞ்சம் வந்தது, நாட்டில் சுமார் ஐந்தில் ஒருவர் மாண்டுபோனார்கள். எரிமலை என்றால் நெருப்பாறு ஓடுவதை மட்டும் காட்டுகிறவர்கள் இந்தப் புல்லை மறந்துவிடுகிறார்கள்.

அளவு விஷயத்தில் எல்லோருக்கும் கை நீளம். ஒரே தீவில் பாலைவனம், பனிமலை, ஏழு ராஜ்யங்கள் என்று அடுக்கிவிடுவார்கள். மால்டா ஒரு முழு நாடு, ஐ.நா.வில் அதற்கு ஓட்டு உண்டு, அதன் பரப்பு 316 சதுர கிலோமீட்டர். சென்னை மாநகராட்சியே 426. மொரீஷியஸ் ஏறக்குறைய 2,040. என்னைக் கேட்டால் முதல் தீவுக்கு மொரீஷியஸ் அளவு போதும்: குறுக்கே நடந்தால் இரண்டு நாள், ஒரு மூலையில் கிளம்பும் வதந்தி மறு மூலைக்குப் போய்ச் சேர ஒரு வாரம்.

கொண்டல் தீவு அந்த அளவுதான். நடுவில் வடக்கு தெற்காக ஓர் அணைந்துபோன எரிமலைத் தொடர். ஈரக்காற்று கிழக்கிலிருந்து வருகிறது, மலையில் மோதிக் கிழக்குச் சரிவில் கொட்டுகிறது, மிச்சம் மீதியைத்தான் மேற்குப் பக்கம் பார்க்கிறது. இலங்கையில் இதே சங்கதி திசை மாறி நடக்கும்: தென்மேற்குப் பருவக்காற்று மலையகத்தின் மேற்கே நனைத்துவிட்டு, மட்டக்களப்புப் பக்கம் இறங்கும்போது கச்சான் என்று வறண்டு, சூடாக வீசும். அங்கே வளர்ந்தவர்களிடம் கேளுங்கள், காற்றுக்கு எத்தனை குணம் உண்டு என்று சொல்வார்கள். ஆக நம் தீவின் குறை தீர்மானமாகிவிட்டது. மேற்கே மழை போதாது.

மந்திரம் யாரிடமிருந்து பிடுங்குகிறது

மணிமேகலையில் வரும் அமுதசுரபியை எல்லோருக்கும் தெரியும், அள்ள அள்ளக் குறையாத பாத்திரம். அதைவிட எனக்குப் பிடித்தது, மணிமேகலைக்கு முன்னால் அதை வைத்திருந்த ஆபுத்திரன் கதை. அவன் பாட்டுக்கு ஊருக்கெல்லாம் சோறு போட்டுக்கொண்டிருந்தான். இந்திரனுக்கு அது பொறுக்கவில்லை, பாண்டி நாட்டில் மழையைப் பெய்ய வைத்துவிட்டான். விளைச்சல் பெருகியது, சோறு கேட்டு வர ஆளில்லை. பசி இருக்கும் நாட்டைத் தேடிச் சாவகத்துக்குக் கப்பலேறி, வழியில் மணிபல்லவத் தீவில் இறங்கினான், கப்பல் அவனை விட்டுவிட்டுப் போய்விட்டது. உயிர்களையெல்லாம் காக்கும் பாத்திரம் கையில், சாப்பிட ஓர் ஆள் இல்லாத தீவு. பாத்திரத்தைக் கோமுகிப் பொய்கையில் விட்டுவிட்டு உண்ணாமல் உயிரை விட்டான். ஒரு மாயப் பொருளுக்கு அதைத் தேவைப்படுகிறவன் எதிரில் நிற்க வேண்டும், இல்லாவிட்டால் அது வெறும் சட்டி. குறையும் மந்திரமும் ஒரே இடத்தில் சந்திக்காதபடி இந்திரன் செய்த வேலையைத்தான் நீங்களும் உங்கள் தீவில் செய்ய வேண்டும்.

கொண்டல் தீவில் மந்திரம் ஒன்றே ஒன்று. இதில் கறாராக இருங்கள். நெருப்பு வீசுவது, பறப்பது, மனதைப் படிப்பது என்று பட்டியல் நீண்டால் எதற்கும் விலை இருக்காது. இங்கே கட்டுக்காரர்கள் என்று ஒரு கூட்டம். மலை முகட்டில் நின்று, தாழை விழுது நாரில் திரித்த கயிற்றில், வீசும் காற்றை முடிச்சாகப் போட்டுவிடுவார்கள். கடலில் போய் முடிச்சை அவிழ்த்தால் அந்தக் காற்று பாய்மரத்தை நிரப்பும். காற்றை முடிச்சில் விற்பது ஒன்றும் புதிய கற்பனை இல்லை. ஐரோப்பாவின் வடக்குக் கடலோரங்களில் பின்லாந்து, ஆர்க்னி, மேன் தீவு என்று பல இடங்களில் மாலுமிகள் இப்படி நம்பினார்கள்: மூன்று முடிச்சு, முதலாவது மெல்லிய காற்று, இரண்டாவது பலத்த காற்று, மூன்றாவதைத் தொட்டால் புயல். நாம் கயிற்றை மட்டும் எடுத்துக்கொண்டு விதியை மாற்றுவோம். முகட்டில் கட்டப்படும் காற்று, மலையைத் தாண்டி மேற்கே மிச்ச மழையைக் கொண்டுபோக வேண்டிய காற்று. கிழக்குத் துறைமுகத்தில் ஒரு கயிறு விற்றால் மேற்கே ஒரு மழை குறைகிறது.

இந்த ஒரு வாக்கியத்தில் ஒரு நாடே வந்துவிட்டது. யார் பணக்காரர், யார் ஏழை, எந்த ஊர்க்காரன் எந்த ஊரில் பெண் எடுக்க மாட்டான், எல்லாம் தெரிகிறது.

இதன் மேல் சில சில்லறை விதிகளைப் போடுங்கள், ஆனால் ஒவ்வொரு விதியும் யாரோ ஒருவருக்குக் காசையோ தலைவலியையோ தர வேண்டும். கயிறு ஒரு வருடத்தில் மக்கிவிடும், காற்று தானே நழுவிப் போய்விடும். அதனால் யாரும் நூறு வருடத்துக்குப் பதுக்கிவைக்க முடியாது, பழைய கயிறு அடிமாட்டு விலைக்குப் போகும், அதை நம்பிக் கடலேறும் ஏழை மீனவன் நடுக்கடலில் நிற்பான். முடிச்சுக்குள் இருக்கும் மழை சில நாள்தான் ஈரமாக இருக்கும், அப்புறம் வெறும் உலர்ந்த காற்று. முகட்டைத் தவிர வேறு எங்கும் கட்ட முடியாது. ஆக முகடு யாருடைய நிலம் என்பது உயிர்ப் பிரச்சினை.

இன்னொன்று. நம் வாசகருக்கு மூன்று முடிச்சு என்றால் தாலிதான் முதலில் நினைவுக்கு வரும், அதைத் தடுக்க முடியாது. தடுக்காதீர்கள், பயன்படுத்துங்கள். கொண்டல் தீவில் கல்யாண வீட்டில் அன்று ஒரு முடிச்சும் இருக்கக்கூடாது, பந்தல் கயிற்றைக்கூட ஆணியில் சுற்றித்தான் வைப்பார்கள் என்று ஒரு வழக்கம் வைத்தால், தமிழ் வாசகருக்கு அது சட்டென்று உறைக்கும். வேற்றுமொழி வாசகருக்கு உறைக்காது, பரவாயில்லை, நீங்கள் எழுதுவது அவர்களுக்காக இல்லை.

காற்றுக்குக் காத்திருந்தவர்கள்

இந்தப் பகுதியில்தான் கொஞ்சம் நேரம் செலவழிக்கச் சொல்வேன், ஏனென்றால் பெரும்பாலான மாயத் தீவுகள் இங்கேதான் ஓட்டையாகின்றன. மந்திரம் வந்ததும் என்ன கிடைத்தது என்று எல்லோரும் எழுதுகிறார்கள், என்ன தொலைந்தது என்று எழுதுவதில்லை.

நீராவிக் கப்பலுக்கு முன்னால் இந்தியப் பெருங்கடல் முழுவதும் காற்றின் கால அட்டவணையில்தான் இயங்கியது. ஆண்டின் நடுவில் தென்மேற்குக் காற்று அரேபியா, ஆப்பிரிக்கா பக்கமிருந்து கப்பல்களை இந்தியாவுக்குத் தள்ளும். ஆண்டுக் கடைசியில் காற்று திரும்பி, வடகிழக்கிலிருந்து வீசி அவர்களை வீட்டுக்கு அனுப்பும். இடையில் என்ன செய்வது? காத்திருக்க வேண்டும். மலாக்கா மாதிரித் துறைமுகங்கள் வளர்ந்ததே, இரண்டு பக்கத்துக் காற்றும் அங்கே வந்து முடிவதால் இரண்டு பக்கத்து வணிகர்களும் மாதக்கணக்கில் தங்க வேண்டியிருந்ததால்தான். தங்கினால் வாடகை, சமையல், வட்டிக்கடை, கோயில், பள்ளிவாசல், கல்யாணம், குழந்தை. மலாக்கா செட்டிகள் அப்படித் தங்கிப்போன தமிழ் வணிகர்களின் வழிவந்தவர்கள். சைவ வழிபாட்டை விடவில்லை, பேச்சு மட்டும் மலாய் மொழியாகிவிட்டது. ஒரு காற்று ஆறு மாதம் தாமதமாவதால் ஒரு சமூகமே பிறந்திருக்கிறது.

இப்போது கொண்டல் தீவுக்கு வாருங்கள். முடிச்சுக் கயிறு விற்பனைக்கு வந்த நாளிலிருந்து எந்த வணிகனும் காத்திருக்க வேண்டியதில்லை. மிளகை இறக்கினான், கயிற்றை வாங்கினான், மறுவாரமே கிளம்பினான். அப்படியானால் துறைமுகத்தில் தங்கும் விடுதி வைத்திருந்தவர்கள் என்ன ஆனார்கள்? வெளிநாட்டு மாலுமிக்குப் பெண்ணைக் கட்டிக்கொடுத்து, வருடத்துக்கு ஆறு மாதம் மட்டும் மாப்பிள்ளை வீட்டிலிருப்பார் என்று பழகிப்போன குடும்பங்கள்? நான்கு மொழி பேசித் தரகு வேலை பார்த்தவர்கள்? கயிறு வருவதற்கு முன்பு அவர்கள்தான் ஊரின் பெரிய மனிதர்கள். இப்போது அந்தத் தெருவில் மூன்று மாடி விடுதிகள் பூட்டிக் கிடக்கின்றன, கீழ்த்தளத்தில் மட்டும் யாரோ கருவாடு உலர்த்துகிறார்கள். மேற்கு உழவர்களுக்குக் கட்டுக்காரர்கள் மேல் கோபம் என்பது நேரடியானது, யாரும் ஊகித்துவிடலாம். விடுதிக்காரர்களுக்கும் அதே கோபம் இருக்கிறது என்பதுதான் கதையைச் சுவாரசியமாக்கும். மழை வேண்டும் என்று கேட்கிற உழவனும் வாடகை வேண்டும் என்று கேட்கிற கிழக்கு முதலாளியும் ஒரே அறையில் உட்கார்ந்து சதி செய்கிறார்கள், ஒருவரை ஒருவர் துளியும் நம்பாமல்.

இதையே உங்கள் தீவுக்கும் செய்து பாருங்கள். உங்கள் மந்திரம் காயத்தை ஆற்றுமா? நாட்டு மருத்துவச்சி, எலும்பு கட்டுகிறவர், பிணத்தைக் குளிப்பாட்டுகிறவர் எல்லோரும் வேலையை இழந்தார்கள். தூரத்தில் இருப்பவரோடு பேச வைக்குமா? தபால் ஓட்டக்காரனின் மகன் இப்போது என்ன வேலை செய்கிறான்?

பூட்டிவைப்பதும் திருடுவதும்

விலையுள்ள பொருள் தீவில் இருந்தால் இரண்டு பேர் வருவார்கள்: பூட்டுகிறவன், திருடுகிறவன். இதற்கு வரலாற்றை விடப் பெரிய வாத்தியார் இல்லை. இன்றைய இந்தோனேசியாவில் இருக்கும் பண்டா தீவுகளில் மட்டும்தான் ஒரு காலத்தில் ஜாதிக்காய் விளைந்தது. 1621-ல் டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி படையோடு வந்து தீவுகளைப் பிடித்தது, அங்கிருந்த மக்களில் பெரும்பாலோர் கொல்லப்பட்டார்கள், பட்டினியில் செத்தார்கள், அல்லது அடிமைகளாகக் கொண்டுபோகப்பட்டார்கள். வெளியே போகும் ஜாதிக்காய் எங்கும் முளைத்துவிடக் கூடாது என்று சுண்ணாம்பில் தோய்த்து அனுப்பினார்கள். அதே தீவுக் கூட்டத்தில் ரன் என்ற பொடித் தீவை ஆங்கிலேயர் உரிமை கொண்டாடினார்கள். 1667-ல் போட்ட உடன்படிக்கையில் ரன் டச்சுக்காரர்களுக்கு, மன்ஹாட்டன் ஆங்கிலேயர்களுக்கு என்று முடிந்தது. இவ்வளவு பூட்டியும் நூறு வருடம் கழித்து பியர் புவாவ்ர் என்ற பிரெஞ்சுக்காரர் நாற்றுகளைக் கடத்தி மொரீஷியஸுக்குக் கொண்டுபோக வைத்துவிட்டார்.

உங்கள் தீவின் சுண்ணாம்பு எது? கொண்டலில், வெளிநாட்டுக்கு விற்கும் கயிற்றின் நுனியைக் கட்டுக்காரர்கள் தாரில் முக்கிவிடுகிறார்கள், திரியைப் பிரித்துப் பார்த்து முறையைக் கற்றுக்கொள்ளக் கூடாது என்று. கட்டுக்காரக் குடும்பத்துப் பெண்கள் தீவை விட்டுப் போகத் தடை, ஏனென்றால் நார் திரிக்கும் பக்குவம் அவர்கள் கையில். தடை என்று எழுதியவுடனே, தாண்டுகிறவள் ஒருத்தி உங்கள் மனதில் வந்திருப்பாள்.

தீர்ந்துபோவதையும் யோசியுங்கள். நவ்ரு பசிபிக் கடலில் 21 சதுர கிலோமீட்டர் நாடு. பாஸ்பேட் வெட்டி விற்று 1970-களில் ஆளுக்கு வருமானக் கணக்கில் உலகத்தின் பணக்கார நாடுகளில் ஒன்றாக இருந்தது. இன்று தீவின் நடுப்பகுதி முழுக்க, மண் போய் சுண்ணாம்புக் கல் முள்முள்ளாக நிற்கிறது, அங்கே பயிர் வைக்கவும் முடியாது, வீடு கட்டவும் முடியாது. முகட்டுக் காற்று வருடா வருடம் கொஞ்சம் கொஞ்சமாகத் தேய்ந்துகொண்டு வருகிறது, கட்டுக்காரர் சங்கத்தில் நான்கு பேருக்கு மட்டும் அது தெரியும் என்று வைத்துக்கொண்டால் அதற்கு மேல் வில்லனே தேவையில்லை.

பணம் பற்றி ஒரு வரி: தங்கக்காசு என்று எழுதிவிட்டுப் போகாதீர்கள். பசிபிக் கடலின் யாப் தீவில், பலாவு என்ற வேறு தீவுகளிலிருந்து படகில் கொண்டுவந்த பெரிய வட்டக் கற்கள்தான் செல்வம். வழியில் கடலில் மூழ்கிப்போன ஒரு கல்லுக்கும், அது அங்கே இருக்கிறது என்று ஊருக்குத் தெரியும் என்பதால், மதிப்பு இருந்தது. தீவில் எல்லோருக்கும் எல்லோரையும் தெரியும், அதனால் கடன் கையில் இருக்கத் தேவையில்லை, வாயில் இருந்தால் போதும்.

டிராகன் என்ன சாப்பிடும்

இதைச் சீக்கிரம் முடித்துவிடலாம். தீவில் பெரிய விலங்குகள் தலைமுறை தலைமுறையாகச் சிறுத்துப்போகும், சிறிய விலங்குகள் பெருத்துப்போகும். 1964-ல் பிரிஸ்டல் ஃபாஸ்டர் என்ற உயிரியலாளர் இதை எடுத்துக் காட்டினார். சிசிலியிலும் மால்டாவிலும் ஒரு காலத்தில் ஏறக்குறைய ஒரு மீட்டர் உயர யானைகள் இருந்தன. ஆக உங்கள் டிராகன் பல்லாயிரம் வருடமாகத் தீவிலேயே இருந்தது என்றால் அது ஆட்டுக்குட்டி அளவில் இருப்பதுதான் நியாயம், கோழி திருடும், ஊரார் கம்பை எடுத்துக்கொண்டு துரத்துவார்கள். எனக்கு அப்படிப்பட்ட டிராகன்தான் வேண்டும். மலையளவு ஒன்று கட்டாயம் வேண்டும் என்றால் அது வெளியிலிருந்து வந்ததாக வையுங்கள், இரைக்கு மாடுகளை யார் கொடுப்பது என்பதற்கும் பதில் வையுங்கள்.

அதைவிடக் கதைக்கு உதவுவது எலி. கப்பல் வந்த பெரும்பாலான தீவுகளுக்கு எலியும் வந்திருக்கிறது. எலி கயிற்றைக் கடிக்கும். கொண்டல் தீவில் கயிற்றுக் கிடங்கில் ஓர் எலி நுழைந்தால் உள்ளே நூறு காற்றுகள் ஒரே நேரத்தில் அவிழும், கூரை கடலில் கிடக்கும். அதனால் பூனையைக் கொல்வது அங்கே மனிதனை வெட்டுவதற்கு அடுத்த குற்றம், துறைமுகத்தில் இறங்கும் ஒவ்வொரு மாலுமியின் மூட்டையையும் பூனை மோப்பம் பிடித்த பிறகுதான் ஊருக்குள் விடுவார்கள், அந்தப் பூனைகளுக்குத் தினம் ஒரு கூடை மத்தி மீன் வரிப்பணத்தில்.

கடைவீதியில் நிறுத்திப் பாருங்கள்

இவ்வளவும் உங்கள் நோட்டுப் புத்தகத்தில் இருக்க வேண்டியவை. கதையில் வரவேண்டியது இதன் சிறு துணுக்குதான், அதுவும் யாராவது ஒருவர் கையில் ஏதாவது ஒரு பொருளை வைத்துக்கொண்டிருக்கும்போது. விதியை யாரும் விளக்கக் கூடாது, அந்த விதியில் ஒருவரை இன்னொருவர் ஏமாற்றப் பார்க்க வேண்டும். இப்படி:

செவந்தி கயிற்றை மூக்கருகே கொண்டுபோனாள். ஈர மண் வாசனை இருந்தது.

"நேத்துக் கட்டினது, அக்கா," என்றான் கடைக்காரன். "இன்னும் நாலு நாளைக்கு மழை உள்ளேயே நிக்கும். மேக்க கொண்டுபோய் அவுத்தா ஒரு குண்டு நிலம் நனையும்."

"நாலு நாளா? மலைப்பாதையிலேயே ரெண்டு நாள் போயிருமே தம்பி."

"போனா என்ன, மிச்சம் ரெண்டு இருக்குல்ல."

அவள் பதில் சொல்லவில்லை. முடிச்சுக்குக் கீழே ஒரு திரியைப் பல்லில் கடித்து நாக்கில் வைத்தாள். கரித்தது. கயிற்றை அவன் முன்னால் பலகையில் வைத்துவிட்டு, "கடல் தண்ணில நனைச்சிருக்கே. மண்ணை எங்க அள்ளினே, உன் வீட்டுத் தோட்டத்துலயா?" என்றாள். பக்கத்துக் கடைக்காரி சிரித்ததைக் கேட்டு அவனுக்குக் காது சிவந்தது.

இதில் காற்றுக் கட்டு எப்படி வேலை செய்கிறது என்று ஒரு வரி விளக்கம்கூட இல்லை. ஆனால் மழை கயிற்றில் வரும், சில நாளில் கெட்டுப்போகும், மேற்கே மழை இல்லை, மேற்குக்காரர்கள் தங்கள் மழையைத் தாங்களே காசு கொடுத்துத் திரும்ப வாங்குகிறார்கள், கலப்படம் உண்டு, அதைக் கண்டுபிடிக்கும் வித்தையும் உண்டு என்பதெல்லாம் வந்துவிட்டது. உங்கள் மந்திரத்தில் கலப்படம் செய்வது எப்படி என்று யோசித்துப் பாருங்கள். கலப்படம் செய்ய முடியாத மந்திரம் இன்னும் சந்தைக்கு வராத மந்திரம்.

பெயர்கள், அப்புறம் வரைபடம்

பெயர் வைக்க அகராதியில் அருஞ்சொல் தேட வேண்டாம், நடுவில் மேற்கோள்குறி போட்ட பெயர்களும் வேண்டாம். ஊர்கள் எப்போதும் அங்கே நடக்கும் வேலையாலும் அங்கே இருக்கும் நீராலும் மரத்தாலும்தான் பெயர் வாங்கும். துறை, பட்டினம், பாளையம், குளம், காடு, முனை என்று நம்மிடம் வேண்டிய அளவு இருக்கிறது. கயிற்றுத்துறை, முகட்டூர், பூனைப்பாளையம். ஒன்றிரண்டு பெயர்களுக்கு மட்டும் யாருக்கும் காரணம் தெரியாமல் இருக்கட்டும், எல்லாப் பெயருக்கும் காரணம் தெரிந்த ஊர் நேற்று முளைத்த ஊர். கிண்டலுக்கும் வசவுக்கும் இதே வழி: மேற்கே ஒருவனை "அவிழ்ந்தவன்" என்றால் ரகசியம் தங்காதவன், கிழக்கே அதே சொல்லுக்குக் கைநீட்டி அடிப்பார்கள்.

இப்போது வரைபடம் போடலாம். பாதி தானாகவே வந்துவிடும், ஏனென்றால் மழை எங்கே, முகடு எங்கே, துறைமுகம் எங்கே என்று தெரியும், ஊர்கள் தண்ணீர் இருக்கும் இடத்தில்தான் உட்காரும், சாலை கயிற்று மூட்டை இறங்கும் வழியில்தான் போகும். வரைபடம் யார் வரைந்தது என்பதையும் முடிவு செய்யுங்கள். மார்ஷல் தீவு மாலுமிகள் தென்னை, தாழை மாதிரியானவற்றின் ஈர்க்குகளைக் கட்டிச் சிப்பிகளைப் பொருத்தி, அலை எந்தத் தீவில் பட்டு எப்படி வளைகிறது என்று சட்டம் செய்துவைத்தார்கள். கரையில் உட்கார்ந்து மனப்பாடம் செய்துகொண்டு, கடலுக்கு அதை எடுத்துப் போகமாட்டார்கள். கட்டுக்காரர் வரையும் வரைபடத்தில் மேற்குக் கிராமங்கள் இருக்காது. மேற்கு உழவரின் வரைபடத்தில் வற்றிப்போன ஒவ்வொரு குளமும் பெயரோடு இருக்கும். இரண்டையும் வரைந்து வைத்துக்கொள்ளுங்கள்.

கடைசி வேலை, சோதனை. தீவின் மிக ஏழையான ஆளைப் பிடித்து, காலை எழுந்ததிலிருந்து தூங்கும் வரை அவர் கூடவே போங்கள். எதில் சமைத்தார், அந்தப் பானை எங்கே சுட்டது, விறகு யார் காடு, மந்திரம் அவர் நாளில் எத்தனை இடத்தில் குறுக்கே வந்தது? ஓர் இடத்திலும் வரவில்லை என்றால் உங்கள் மந்திரம் அரண்மனையில் மட்டும் இருக்கிறது, அது அலங்காரம். அப்புறம் விவரம் தெரிந்த, கொஞ்சம் வம்பு பிடித்த நண்பர் ஒருவரிடம் தீவைச் சொல்லுங்கள். ஓட்டை கண்டுபிடிப்பார், அதற்குத்தான் அவர். "மேற்குக்காரர்களே முகட்டில் ஏறி, காற்றைக் கட்டவிடாமல் காவல் நின்றால் என்ன?" என்று கேட்பார். அப்போது அவசரப்பட்டு "முகட்டில் ஒரு மாயத் தடுப்பு இருக்கிறது" என்று அடைத்துவிடாதீர்கள். ஓட்டையால் யாருக்கு லாபம் என்று பாருங்கள். முகட்டுக் காவலுக்கு ஆள் எடுப்பதே மேற்கிலிருந்துதான், நல்ல கூலி, வருடத்துக்கு ஒரு கயிறு இனாம், செவந்தியின் தம்பி போன மாதம்தான் சேர்ந்தான்.